அக்கா பார்த்த போர்டு

என் அக்கா இருபத்திரண்டு வருஷம் ரேஸ் கார் ஓட்டினாள். ஒரு தடவைகூடச் சாம்பியன் ஆனதில்லை. கேட்டால், "ஆயிட்டா அப்புறம் என்னடா வேலை?" என்பாள். வாய்க்கு மட்டும் குறைச்சலே கிடையாது.

நான் அவள் தம்பி, போர்டு பிடிப்பவன். எங்கள் டீம் சின்னது. அவளோடு பேசும் கார் ரேடியோ பாதி நேரம் இருமிக்கொண்டிருக்கும். அதனால் அவள் எத்தனையாவதாகப் போகிறாள் என்பதைப் போர்டில் எண்ணாக மாட்டி, ஒவ்வொரு சுற்றிலும் அவள் கடக்கும்போது பாதையோரச் சுவருக்கு மேலே தூக்கிக் காட்டுவேன். வெயிலில் முதுகு கழன்றுவிடும். அப்படியும், "கொஞ்சம் உயரமா பிடிக்கறதுக்கென்ன, குள்ளா?" என்று திட்டுதான் விழும்.

அந்த வருஷம் அதிசயமாகப் பட்டம் கைக்கெட்டும் தூரத்துக்கு வந்திருந்தது. கடைசிக்கு முந்தைய ரேஸில் அவள் இரண்டாவதாகப் போய்க்கொண்டிருந்தாள். அப்படியே முடித்தாலே போதும், கடைசி ரேஸில் பட்டத்தை எடுத்துவிடலாம். பதற்றத்தில் நான் இரண்டுக்குப் பதிலாக மூன்றை மாட்டிவிட்டேன். போர்டை இறக்கிய பிறகுதான் கவனித்தேன். பின்தங்கிவிட்டோம் என்று நினைத்துக் கண்டபடி முந்தப் போகிறாளே என்று உயிர் போய் உயிர் வந்தது. அவளோ அலட்டிக்கொள்ளாமல் இரண்டாவதாகவே வந்து சேர்ந்தாள்.

"போர்டைப் பாத்தியாக்கா?" என்றேன், ஷெட்டுக்கு வந்ததும்.

"பாக்காம? ரெண்டுன்னு போட்டிருந்த. அதான் அடக்கி ஓட்டினேன்."

கதவைச் சாத்திவிட்டு, போட்டிருந்தது மூன்று என்றேன். அவள் ஒரு டயர் மேல் உட்கார்ந்தாள்.

"ஒரு வருஷமாவே தூரத்துல இருக்கிற எழுத்து தெரியலடா. கண்ணாடிக்கும் அடங்காதுங்கறார் டாக்டர். ஆனா நீ நிக்கறது தெரியும். முதல்ல போனா நெஞ்சை நிமித்திட்டு நிப்ப. பின்னாடி போனா தோள் தொங்கிடும். ரெண்டாவதுன்னா ஒரு எடத்துல நிக்கமாட்ட. எனக்கு அது போதும்."

சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது.

"இன்னும் ஒரே ஒரு ரேஸ்தான்," என்றாள். "யார்கிட்டயும் சொல்லாத."

"வளைவுல ஒருத்தன் நின்னு மெதுவா போன்னு மஞ்சக்கொடி ஆட்டறானே, அவன் தோளையும் உனக்குத் தெரியுமா? கொடி தெரியாம நீ வேகமா போற. அங்க ஒரு கார் கவுந்து கெடக்குதுன்னு வெச்சுக்க."

கையுறையைக் கழற்றி மடியில் வைத்தாள். பிறகு, "அப்ப ஓட்ட வேணாங்கற?" என்றாள்.

இருபத்திரண்டு வருஷம் அவள் எதற்காக ஓட்டினாள் என்று எனக்குத் தெரியாதா? இருந்தாலும் சொன்னேன்.

"வேணாம்க்கா."

வீடு வந்து சேர்ந்தோம். உடை மாற்றிக்கொண்டு டீம் ஓனருக்குப் போன் போட்டாள். நான் பக்கத்து அறையில் இருந்தேன்.

"கண்ணு சரியில்ல சார். கடைசி ரேஸுக்கு வேற ஆளைப் பாத்துக்கங்க." அவர் கெஞ்சியிருக்க வேண்டும். "இல்ல சார், தம்பி வேணாம்னுட்டான். அவன் சொன்னா சரியாத்தான் இருக்கும்."

என்னைப் பற்றி அவள் யாரிடமும் நல்லதாக ஒரு வார்த்தை சொல்லி நான் கேட்டதே இல்லை. வெளியே சத்தம் கேட்காமல் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன்.