பேஸ் கிட்டாருக்கு ஒரு பொன்னாடை

எங்கள் உறவினர் ஒவ்வொருவருடைய தொழிலையும் ஒரே சொல்லில் சொல்லிவிடலாம். லண்டனில் இருந்த சின்ன மாமாவின் தொழிலைச் சொல்வதற்கு மட்டும் அம்மாவுக்கு வாய் வராது. கோயிலில் யாராவது "உம்மட தம்பி இப்ப என்ன செய்யிறார்?" என்று கேட்டால், "அவர் லண்டனில இருக்கிறார்" என்பார், லண்டனில் இருப்பதே ஒரு முழுநேர வேலை என்பதுபோல. கேட்டவர் விடாக்கண்டராக இருந்தால் "மியூசிக்கில" என்று முணுமுணுத்துவிட்டு என் பின்னலைச் சரிசெய்யத் தொடங்கிவிடுவார்.

உண்மை என்னவென்றால், சின்ன மாமா ஓர் ஆங்கில ராக் குழுவில் பேஸ் கிட்டார் வாசித்தார். பெரிய வானொலிகள் சீண்டிப் பார்க்காத, ஆனால் பிடித்தவர்கள் உயிரை விடுகிற வகைப் பாட்டுகள் அவர்களுடையவை. குழுவில் நான்கு பேர்: மூன்று வெள்ளைக்காரர், ஒரு யாழ்ப்பாணத்தார். அவர்களுடைய இசைத்தட்டு உறையை முதன்முதலில் பார்த்தபோது அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு உற்றுப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "மற்றவைக்கு ஆறு தந்தி, இவனுக்கு நாலு. வெள்ளைக்காரன் அதிலயும் குறைச்சுப்போட்டான்."

பெரிய மாமா இந்தப் பகிடிக்குச் சிரிக்கமாட்டார். அம்மாவுக்கு அண்ணன், சின்ன மாமாவுக்கு அண்ணனும் அப்பனும் அவர்தான். ஊரில் தாய் தகப்பன் இருவரும் அடுத்தடுத்துப் போய்ச் சேர்ந்தபின், பள்ளிக்கூடப் பையனாக இருந்த தம்பியை லண்டனுக்கு எடுத்து, பகலில் ஒரு வேலை இரவில் ஒரு வேலை என்று மாறிமாறிச் செய்து வளர்த்தவர். சனிக்கிழமைகளில் மிருதங்க வகுப்புக்கும் அனுப்பினார். அங்கே ஏறிய தாளம் பள்ளிக்கூடத்துப் பையன்கள் பாண்ட் தொடங்கியபோது வெளியே வந்தது. எல்லாப் பையன்களும் முன்னால் நின்று பாடவும் கிட்டார் அடிக்கவும் அடிபிடிப்பட்டார்களாம். பேஸ் யாருக்கும் வேண்டாம். சின்ன மாமா அதை எடுத்துக்கொண்டார்.

அதோடு நின்றிருந்தால் குற்றமில்லை. எஞ்சினியரிங் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, அந்தப் பையன்களோடு ஒரு பழைய வான் வண்டியில் ஏறி ஊர் ஊராக வாசிக்கப் போய்விட்டார். அன்றைக்கே பெரிய மாமா "இனி எனக்குத் தம்பி இல்லை" என்று சொல்லிவிட்டார். சொன்ன சொல் மாறாத மனிதர். பிறகு கனடாவுக்கு, நாங்கள் இருந்த மொன்றியலுக்கு வந்து, இல்-பிசாரில் வீடு வாங்கி, புவாண்ட்-கிளேரில் ஒரு கிடங்குக்கு மேற்பார்வையாளராகி, எட்டு வருடம் தம்பியோடு ஒரு வார்த்தை கதைக்கவில்லை. ஆனால் லாசாலில் எங்கள் அப்பார்ட்மென்டுக்கு வரும்போதெல்லாம், சப்பாத்தைக் கழற்றிக்கொண்டே, மழை வருமா என்று கேட்கிற குரலில் அம்மாவிடம் கேட்பார்: "உவன் இப்ப எங்கை நிக்கிறானாம்?"

எனக்கு ஒன்பது வயதானபோது அந்தக் கேள்விக்கு ஒரு நாள் அதிசயமான பதில் வந்தது. சின்ன மாமாவின் குழு கோடையில் மொன்றியலுக்கு வருகிறது! பூங்காவில், திறந்த வெளியில், பெரிய மேடை. மேடைக்குப் பக்கத்திலேயே நிற்பதற்கு எங்கள் எல்லோருக்கும் கழுத்தில் மாட்டும் அட்டைகளை அனுப்பியிருந்தார். தொலைபேசியில் அம்மாவிடம் அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "எப்பிடியாவது அண்ணையைக் கூட்டிக்கொண்டு வாங்கோ அக்கா."

எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை. வகுப்பில் அட்டையைக் காட்டாத ஆள் இல்லை. தெப்பனர் என்று நாங்கள் சொல்கிற மூலைப் பலசரக்குக் கடைக்காரரிடமும் காட்டினேன். அவர் அட்டையைப் புரட்டிப் பார்த்துவிட்டு எனக்கு ஒரு இனிப்பைச் சும்மா தந்தார். அம்மாவுக்கோ ஒரே கவலை: அண்ணையும் தம்பியும் கதைக்கவேண்டும். அதற்காகப் பிள்ளையாருக்கு நேர்த்தி வைத்துவிட்டுத்தான் பெரிய மாமாவிடம் வாயைத் திறந்தார். அவர் சப்பாத்தைக் கழற்றி ஒழுங்காக அடுக்கி வைத்தார். பிறகு "வாறன். ஆனால் வெறுங்கையோட வரமாட்டன்" என்றார்.

வெறுங்கையோடு வராதவர் பொன்னாடையோடு வரப்போகிறார் என்று பெரிய மாமாவின் மனைவியான எங்கள் மாமி சொன்னார். எங்கள் சனத்துக்குச் சபை என்று ஒன்று இருந்தால் பொன்னாடை இருக்கவேண்டும். நடன அரங்கேற்றமோ, தமிழ்ப் பள்ளி ஆண்டு விழாவோ, யாரையாவது மேடைக்குக் கூப்பிட்டுச் சரிகைச் சால்வை போர்த்தாவிட்டால் விழா முடியாது. மொன்றியலில் அதற்குக் கைராசியான மனிதர் பெரிய மாமாதான். போர்த்திய கையோடு ஒலிவாங்கியைப் பிடித்தாரென்றால் வாழ்த்துரை அரை மணித்தியாலத்துக்குக் குறையாது.

அம்மாவின் கண் கலங்கிவிட்டது. "அண்ணை மன்னிச்சிட்டார்" என்றார். மாமி அம்மாவைக் குசினிக்குள் இழுத்துப்போய்க் குரலைத் தாழ்த்தினார். நானும் பின்னாலேயே போய்க் காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன்.

"மன்னிப்பும் இல்லை மண்ணாங்கட்டியும் இல்லை. சால்வையைப் போர்த்துப்போட்டு, மேடையில வச்சு, அவ்வளவு சனத்துக்கும் முன்னால 'இது போதும், விட்டிட்டு வீட்டை வா' எண்டு கேக்கப்போறாராம். சபையில கேட்டா அவன் மறுக்கமாட்டானாம்."

"ஐயோ, இங்கிலிசிலயோ கேக்கப்போறார்?" என்றார் அம்மா. ஏதோ தமிழில் கேட்டால் பரவாயில்லை என்பதுபோல.

அந்த நாளும் வந்தது. மாலை வெயில் பளிச்சென்று அடித்தது. அரைக் காற்சட்டையும் கறுப்பு பெனியனுமாக ஆயிரக்கணக்கில் சனம் நிற்க, காஞ்சிபுரம் சேலையில் அம்மாவும் மாமியும், கையில் வீடியோ கமராவோடு அப்பாவும், கோட்டும் கழுத்துப்பட்டியுமாகப் பெரிய மாமாவும் மேடையின் ஓரத்தில் நின்றோம். மாமி ஒரு பெரிய தகர டின் நிறைய உளுந்து வடை சுட்டு வந்திருந்தார். இங்கிலாந்திலிருந்து வந்த பிள்ளைகள் பசியோடு நிற்பார்களாம். கைப்பையிலிருந்து பஞ்சை எடுத்து உருட்டி, எல்லோர் காதிலும் அவரே அடைத்தார். என் காதில் அடைத்ததைப் பிறகு எடுக்கவே கஷ்டமாக இருந்தது.

சின்ன மாமா மேடைக்கு வந்தார். அம்மா என் தோளை நெரித்தார். தோளளவு தலைமுடி, ஒல்லி உடம்பு. முன்னால் வராமல், டிரம்ஸ்காரருக்குப் பக்கத்தில் போய்த் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். எனக்குப் பெரிய ஏமாற்றம். பாடகர் துள்ளுகிறார், கிட்டார்காரர் முழங்காலில் விழுகிறார், எங்கள் ஆள் மட்டும் பஸ்ஸுக்குக் காத்திருப்பவர் மாதிரி நிற்கிறார்! பாட்டுத் தொடங்கியபோது அவர் வாசிப்பது எது என்றும் காதுக்குப் பிடிபடவில்லை. ஆனால் மாமியின் வடை டின் மூடி கிணுகிணு என்று ஆடத் தொடங்கியது. அம்மா அதன்மேல் கையை வைத்துப் பார்த்தார். என் கையையும் இழுத்து வைத்தார். என் காதருகே குனிந்து கத்தினார்: "இதுதான், குஞ்சு, அவன்! இது என்ர தம்பி!"

கை வழியே ஏறி நெஞ்சுக்குள் போனது. பிறகு எனக்கு ஏமாற்றமே இல்லை. நிலம் முழுக்க அவர்தான் இருந்தார். அந்த ஆயிரக்கணக்கான சனம் பாடகரைப் பார்த்துக்கொண்டு என் மாமாவின் அடிக்குத் துள்ளுகிறது என்று நினைக்க எனக்குக் கத்தவேண்டும்போல் இருந்தது, கத்தினேன். பெரிய மாமா முகத்தை இறுக்கி வைத்திருந்தார். ஆனால் அவருடைய வலது சப்பாத்து தாளம் போட்டது. நான் பார்ப்பதைக் கண்டதும் நிறுத்திவிட்டார்.

கடைசிப் பாட்டுக்கு முன்னால் இசை நின்றது. பாடகர் ஒலிவாங்கியைப் பிடித்து ஏதோ கதைக்கத் தொடங்கினார். பஞ்சுக்குள்ளால் எனக்குத் தேன்கூட்டுச் சத்தம்தான் கேட்டது. அவர் திரும்பிச் சின்ன மாமாவைக் கைகாட்ட, சனம் ஓவென்று இரைந்தது. மேடையில் ஒருவர் நின்று கதைக்கிறார், இன்னொருவரைக் கைகாட்டுகிறார் என்றால் எங்கள் ஊர் வழக்கத்தில் அதற்கு அர்த்தம் ஒன்றுதான். பெரிய மாமா காதிலிருந்த பஞ்சை எடுத்துச் சட்டைப்பையில் போட்டார். கழுத்துப்பட்டியை நேராக்கினார். சால்வையை விரித்துக்கொண்டு மேடைக்கு நடந்தார்.

"அண்ணை! நில்லுங்கோ அண்ணை!" அம்மா கோட்டுப் பின்பக்கத்தைப் பிடிக்கப் போனார், பிடி தவறிவிட்டது. காதில் கருவி மாட்டிய காவலாளி ஒருவன் குறுக்கே வந்தான். சால்வையைப் பார்த்தான், மாமாவின் கோட்டைப் பார்த்தான், என்ன நினைத்தானோ விலகி வழிவிட்டான். மாமி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார். அப்பா மட்டும் கமராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

பாடகர் இன்னும் கதைத்துக்கொண்டிருந்தார். பேசுபவரை இடைமறிக்கக் கூடாது என்பது சபை ஒழுங்கு. ஆகவே பெரிய மாமா அவருக்குப் பின்னால் சால்வையை ஏந்தியபடி காத்துநின்றார். நிற்க நிற்க அவருடைய முகம் மாறியது. அவ்வளவு மேடை கண்ட மனிதருக்குக் கூச்சமா என்று எனக்கு ஆச்சரியம். அப்போதுதான் சின்ன மாமா திரும்பி அவரைக் கண்டார். அண்ணனும் தம்பியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

பெரிய மாமா கிட்டப் போய்ச் சால்வையைப் போர்த்தினார். கிட்டாரின் பட்டி இடைஞ்சல் கொடுக்க, இந்தத் தோளில் இழுத்து, அந்தத் தோளில் இழுத்து, குழந்தைக்குக் குளிருக்குப் போர்த்துவதுபோல் கழுத்தடியில் சேர்த்துவிட்டார். பாடகர் ஒலிவாங்கியை நீட்டினார். போச்சு, இப்போது கேட்கப்போகிறார் என்று அம்மா என் கையை நசுக்க, நான் காதிலிருந்த பஞ்சைப் பிடுங்கி எறிந்தேன்.

"வணக்கம்" என்றார் பெரிய மாமா. சனம் விண்ணதிரக் கத்தியது.

"இவன் என்ர தம்பி. நான் வளர்த்த பிள்ளை. இவனாலதான் எனக்குப் பெருமை."

அவ்வளவுதான். ஒலிவாங்கியைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அரை மணித்தியால மனிதர் மூன்று வரியில் முடித்துவிட்டார்! குழுவிலிருந்த மற்றவர்கள் ஒவ்வொருவராக வந்து சின்ன மாமாவைக் கட்டிப்பிடித்தார்கள். டிரம்ஸ்காரர் அழுதே விட்டார். சனம் கைதட்டலை நிறுத்தவே இல்லை. மாமி முந்தானையை விலக்கிவிட்டு, "பாத்தியளே, எங்கட பொன்னாடைக்கு வெள்ளைக்காரன் குடுக்கிற மரியாதையை!" என்றார். நாங்கள் எல்லோரும் அப்படித்தான் நினைத்தோம். சரிகை வெயிலில் மின்ன, சின்ன மாமா கடைசிப் பாட்டைச் சால்வையோடேயே வாசித்தார். நான் துள்ளிய துள்ளில் ஒரு செருப்பு எங்கேயோ போய்விட்டது.

மேடைக்குப் பின்னால் வடை டின் கண் மூடித் திறப்பதற்குள் காலியானது. எட்டு வருடத்துக்குப் பிறகு பெரிய மாமா தம்பியிடம் நேரே கதைத்த முதல் வசனம், "மெலிஞ்சுபோனாய். சாப்பிடுறேல்லையோ?" இரண்டாவது, "வீட்டை வந்து கொஞ்ச நாள் நிண்டிட்டுப் போ." சின்ன மாமா சால்வையைக் கழற்றாமலே தலையாட்டினார். அம்மா அந்த இடத்திலேயே பிள்ளையாரைக் கும்பிட்டார். காரில் மாமி மெதுவாகக் கேட்டார்: "ஏனப்பா, கேக்கப்போறன் எண்டியள், கேக்கேல்லை?" பெரிய மாமா பாதையைப் பார்த்தபடியே "மறந்துபோனன்" என்றார்.

அப்பா எடுத்த வீடியோவை வழக்கம்போல எங்கள் கலியாண வீடியோக்காரரிடம் கொடுத்தோம். அவர் மேடைச் சத்தத்தை முழுதாக எடுத்துவிட்டு, நாதஸ்வரமும் தவிலும் போட்டுத் தந்தார். அதைத்தான் நாங்கள் வருகிற போகிற எல்லோருக்கும் போட்டுக் காட்டினோம். இப்போது பெரியவளாகி, போன மாதம் இணையத்தில் எதையோ தேடப்போய், அன்று சனத்துக்குள் நின்ற யாரோ ஒருவர் பதிவுசெய்த வீடியோத் துண்டு ஒன்றைக் கண்டேன். அதில் நாதஸ்வரம் இல்லை. பாடகர் சொல்வது தெளிவாகக் கேட்கிறது: அந்தப் பழைய வான் வண்டியில் ஏறிய முதல் நாளிலிருந்து எங்களோடு இருந்தவர், இன்றைக்குத்தான் எங்களோடு வாசிக்கும் கடைசி நாள், இனி அந்த இடத்தில் வேறொருவர் வாசிப்பார், இந்த முடிவு எங்களுக்கே கஷ்டமானது. அவருக்குப் பின்னால் கோட்டும் கழுத்துப்பட்டியுமாக ஒரு மனிதர் சால்வையை ஏந்தியபடி, சொல்வது ஒவ்வொன்றையும் கேட்டுக்கொண்டு நிற்கிறார்.

சின்ன மாமா அந்தக் கோடை முழுக்க இல்-பிசாரில் நின்றார். பள்ளிக்கூட விடுமுறை என்பதால் நானும் அங்கேதான். காலையில் இடுப்பு நோக நோகத் தூங்கினார், மாமி போட்டதையெல்லாம் சாப்பிட்டார், கிட்டாரைப் பெட்டியிலிருந்து எடுக்கவே இல்லை. கோயிலில் பெரிய மாமா கேளாதவர்களுக்கும் சொல்வார்: "தம்பி பெரிய பாண்டில. லீவில வந்து நிக்கிறான்." ஊர் ஊராகச் சுற்றுகிற குழுவில் இருப்பவருக்கு யார் இவ்வளவு லீவு கொடுப்பார்கள் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

ஒரு நாள் நாங்கள் மூவரும் ஆற்றைக் கடந்து லவாலுக்குப் போகிற ஃபெரியில் காரோடு ஏறினோம். ஆற்றுக் காற்று வீசியது. நான் பின்னிருக்கையிலிருந்து எட்டிச் சின்ன மாமாவின் கழுத்தைக் கட்டிக்கொண்டு, "நீங்கள் ஏன் போகேல்லை எண்டு எனக்குத் தெரியும். என்னை விட்டிட்டுப் போக உங்களுக்கு மனமில்லை, என்ன?" என்றேன்.

சின்ன மாமா ஆற்றையே பார்த்துக்கொண்டிருந்தார். பெரிய மாமாதான் பதில் சொன்னார்.

"ஓம் பிள்ளை. உனக்காகத்தான் நிக்கிறான்."

எனக்குத் தாங்க முடியாத சந்தோஷம். மறுகரையில் இறங்கியதும் ஃபெரியில் கயிறு கட்டுகிற அண்ணாவிடம் ஓடிப்போய் பிரெஞ்சில் சொன்னேன்: ராக் பாண்டில் வாசிக்கிற என் மாமா, எனக்காக எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்து நிற்கிறார் என்று.