மேப் வலது மூலைக்கு வந்தது

பேக்கரியில் அவளை எல்லாரும் மாவு அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். கையில் மட்டுமல்ல, புருவத்திலும் காதுமடலிலும்கூட மாவு ஒட்டியிருக்கும். இணையத்தில் ஆடும் துப்பாக்கிச் சண்டை விளையாட்டில் முதன்முதலாகச் சேர்ந்தபோது என்ன பெயர் என்று கேட்டது கணினி. யோசிக்காமல் 'மாவு' என்று அடித்துவிட்டாள். அதுவே நிலைத்துவிட்டது.

விளையாட்டைக் கற்றுக்கொடுத்தவன் அவளுடைய தம்பி, ஏசி மெக்கானிக். இரண்டு தெரு தள்ளிக் குடியிருந்தான். விடிவதற்கு முன்பே வேலைக்குப் போகிற அவள், மதியம் திரும்பிக் குளித்து, ஒரு தூக்கம் போட்டு எழுந்து, வெயில் இறங்கும் நேரத்தில் கணினி முன்னால் உட்காருவாள். தம்பி அவன் வீட்டிலிருந்து வருவான். ஆமை என்ற பெயரில் ஒரு பெண் வேறு ஏதோ ஊரிலிருந்து வருவாள். மூன்று பேரும் ஒரே அணி. ஆமையின் முகத்தை இவர்கள் பார்த்ததில்லை, குரல்தான் பழக்கம். பல் மருத்துவமனையில் வரவேற்பு மேசையில் இருப்பவள் என்று தெரியும். நிதானமாக நகர்வாள், குறி தப்பாது.

மாவு அக்காவின் கணவர் டவுன் பஸ் ஓட்டுநர். அவருக்கு இந்த விளையாட்டில் பிடித்தம் கிடையாது. கேலி செய்வதில் மட்டும் குறைவில்லை. "எங்க வீட்டம்மா காலையில ரொட்டி சுடுவா, சாயங்காலம் ஆளைச் சுடுவா" என்று டிப்போ முழுக்கச் சொல்லி வைத்திருந்தார்.

நாற்பத்தொன்றாவது வயதில், ஒரு சாதாரண நாளில், அது நடந்தது. பிறந்தநாள் கேக் ஒன்றில் பெயர் எழுதிக்கொண்டிருந்தாள். எழுதி முடித்துக் கல்லாவில் இருக்கும் பெண்ணிடம் தள்ளினாள். பெயர் முழுவதும் கேக்கின் வலது பாதியில் நெருக்கியடித்துக்கொண்டு நின்றது. இடது பாதி வெறும் க்ரீம்.

"என்னக்கா, மீதிப் பாதி யாருக்கு?" என்று சிரித்தாள் கல்லாப் பெண்.

"எந்தப் பாதி? நடுவுலதானே எழுதியிருக்கேன்."

கல்லாப் பெண்ணின் சிரிப்பு நின்றுவிட்டது. அக்காவின் இடது பக்கம் கையை நீட்டி ஆட்டினாள். அக்கா திரும்பவில்லை. அவ்வளவுதான், கல்லாவைப் பூட்டக்கூட இல்லை. வாசலில் சரக்கு இறக்கிக்கொண்டிருந்த வேனிலேயே ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்விட்டாள். உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்து, கொஞ்சம் பார்ப்போம் என்று இருந்திருந்தால் கதை வேறு மாதிரி ஆகியிருக்கும் என்றார் டாக்டர். மூளையின் பின்பகுதிக்குப் போகும் ரத்தக்குழாயில் அடைப்பு. சீக்கிரம் வந்ததால் உயிர் தங்கியது, கைகால் தங்கியது, பேச்சும் தங்கியது. பார்வையில் இடது பாதி மட்டும் திரும்பவில்லை.

"ரெண்டு கண்ணும் நல்லாத்தாம்மா இருக்கு. இடது பக்கம் கண்ணு பாக்குறதை மூளை வாங்கிக்க மாட்டேங்குது. தலையைத் திருப்பித் திருப்பிப் பாக்கப் பழகிக்கணும்" என்றார் அவர்.

வீட்டுக்கு வந்தாள். நிலைக்கதவுகளெல்லாம் இடது தோளைப் பதம் பார்த்தன. மேசையில் இடப்பக்கம் வைத்த டீயை யாரோ எடுத்துவிட்டார்கள் என்று சண்டை போட்டாள். கணவர் இடப்பக்கமாக வந்து நின்றால் பேயைக் கண்டது போலத் துள்ளினாள். பிறகு அவரே செருப்பைத் தேய்த்துக்கொண்டு சத்தத்தோடு நடக்கப் பழகினார். சூடான அடுப்புப் பக்கம் இவளை எப்படி விடுவது என்று பேக்கரி முதலாளி தயங்கினார். அதில் தப்பில்லை என்று அவளுக்கே தெரியும். தெரிந்தும் நாள் முழுக்கக் கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள்.

பார்வைப் பயிற்சி கொடுக்க வந்த பெண்தான் கேட்டாள்: "முன்னாடி என்னம்மா பண்ணுவீங்க, பொழுதுபோக்குக்கு?"

"துப்பாக்கிச் சண்டை."

அவள் ஒரு நிமிடம் விழித்துவிட்டு, விஷயம் புரிந்ததும் சிரித்தாள். "தாராளமா ஆடுங்க. இடது பக்கம் திரும்பித் திரும்பிப் பாத்தா அதுவும் பயிற்சிதான். கண்ணு களைச்சா நிறுத்திடுங்க."

ஆடிப் பார்த்தாள். விளையாட்டில் திரையின் இடது மேல் மூலையில் ஒரு சின்ன மேப் இருக்கும். தன் அணி எங்கே, எதிரி எங்கே சுட்டான் என்பதெல்லாம் அதில்தான் தெரியும். அவளுக்கு அந்த மூலையே இல்லை. மேப்பைத் தேடித் தலையைத் திருப்புவதற்குள் செத்துப்போனாள். அடுத்த ஆட்டத்திலும் செத்துப்போனாள். விளையாட்டின் அமைப்புப் பக்கத்தில் மேப்பின் நிறத்தை மாற்றலாம், இடத்தை மாற்ற வழி இல்லை.

தம்பிக்கு மனசு தாங்கவில்லை. எங்கோ தேடி, யாரோ ஒருவன் தயாரித்து வைத்திருந்த ஒரு ஃபைலை இறக்கிக்கொண்டு ஓடிவந்தான். "அக்கா, இதைப் போட்டா மேப் வலது பக்கம் வந்துடுமாம்!" என்று விளையாட்டின் ஃபோல்டருக்குள் அப்படியே கொட்டினான். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்கவில்லை. இருந்ததோ பாதி வேறு சரக்கு, சுவருக்குப் பின்னால் ஒளிந்திருக்கும் எதிரியைக் காட்டுகிற திருட்டு வேலை. விளையாட்டு திறக்கவில்லை. திரையில் ஓர் அறிவிப்பு மட்டும் வந்தது: கோப்புகளில் விதிமீறல், கணக்கு நிறுத்திவைக்கப்படுகிறது.

தம்பி அதைப் படித்துக் காட்டியபோது அக்கா அழுதேவிட்டாள். ஆஸ்பத்திரியில்கூட அழாதவள். "இத்தனை வருஷமா ஒருத்தனை ஏமாத்தி நான் ஒரு பாயின்ட் எடுத்ததில்லடா. கண்ணுதான் போச்சுன்னா, இப்போ பேரும் போச்சு."

அன்று சாயங்காலம் இருவரையும் விளையாட்டில் காணோம் என்று ஆமை போன் செய்தாள். தம்பி நடந்ததைச் சொல்லி, தன்னைத் தானே திட்டிக்கொண்டான். ஆமை குறுக்கே பேசாமல் கேட்டாள். பிறகு போனை அக்காவிடம் கொடுக்கச் சொன்னாள்.

"அக்கா, முதல்ல தம்பியைத் திட்டாதீங்க. பாசத்துல பண்ணிட்டான். அந்த ஃபைலை மட்டும் தூக்கிக் கடாசுங்க. விளையாட்டையும் கழட்டிட்டுப் புதுசாப் போடச் சொல்லுங்க. நடந்ததை நடந்த மாதிரியே கம்பெனிக்கு எழுதுவோம்."

"நம்புவாங்களா?"

"நம்புறது அவங்க பாடு. ஒளிக்காம எழுதுறது நம்ம பாடு. அதோட இன்னொண்ணும் கேப்போம், மேப்பை நகர்த்த முறையான வழி இருக்கான்னு."

மூன்று பேரும் சேர்ந்து எழுதினார்கள். பதில் வர ஒரு வாரத்துக்கு மேல் ஆனது. அக்காவுக்கு அது ஒரு யுகம். விசாரித்ததில், அந்த ஃபைலை வைத்து ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை என்று தெரிந்ததாம். எச்சரிக்கையோடு கணக்கைத் திறந்துவிட்டார்கள். கடைசியில் ஒரு வரி: விளையாடுபவரின் சொந்த ஃபோல்டரில், அமைப்புகளை எழுதிவைத்திருக்கும் கான்ஃபிக் ஃபைலில் மேப்பின் இடத்தையும் அளவையும் மாற்றிக்கொள்ளலாம், அது விதிமீறல் ஆகாது. எந்தெந்த வரிகளைத் தொடலாம் என்று சொல்லும் பக்கத்தின் முகவரியும் இருந்தது.

அக்கா அந்த வரியைத் தம்பியை இரண்டு தடவை படிக்கச் சொன்னாள்.

மறுநாள் சாயங்காலம் வேலை ஆரம்பமானது. போனில் ஆமை. கணினி முன் அக்கா. எதையும் தொடக் கூடாது என்ற நிபந்தனையோடு பக்கத்து நாற்காலியில் தம்பி.

"விளையாட்டு மூடியிருக்கா அக்கா? திறந்திருக்கும்போது மாத்தினா, மூடுறப்போ அது பழசையே எழுதிடும். சரி, இப்போ அந்த ஃபைலை ஒரு காப்பி எடுங்க. காப்பியை வேற ஃபோல்டர்ல வைங்க. கெட்டுப்போனா அதுதான் நம்மளைக் காப்பாத்தும். ஒரு நேரத்துல ஒரே ஒரு வரி. மாத்திட்டு, விளையாட்டைத் திறந்து பாத்துட்டு, அப்புறம்தான் அடுத்த வரி. அந்தப் பக்கத்துல இல்லாத எதையும் தொடவே கூடாது."

"புது அடுப்புல முதல்ல ஒரே ஒரு தட்டு வச்சுப் பாக்குற மாதிரின்னு சொல்லு."

"அதேதான். இப்போ ஃபைலைத் திறங்க. என்ன தெரியுது?"

"சமம், புள்ளி பூஜ்யம் ரெண்டு."

"எது சமம்?"

"அதான் தெரியலையே!"

தம்பி வாயைப் பொத்திக்கொண்டான். வரியின் பெயர் இடது ஓரத்தில் இருந்தது, எண் வலப்பக்கம். அக்காவின் கண்ணுக்கு எண் மட்டும் அநாதையாக நின்றது. அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்த கணவர் வெளியே போனார். பஸ்ஸின் பின்பக்கம் ஒட்டும் சிவப்பு மினுக்கு டேப்பில் ஒரு துண்டோடு திரும்பி வந்து, திரையின் இடது விளிம்பில் மேலிருந்து கீழாக ஒட்டினார்.

"சிவப்பு தெரியுற வரைக்கும் தலையைத் திருப்பு. சிவப்பைப் பாத்துட்டுப் படிக்க ஆரம்பி" என்றார். பயிற்சிக்காரப் பெண் ஒருநாள் சொல்லிக்கொடுத்த யுக்தியைச் செருப்புச் சத்தம் இல்லாமல் வாசலில் நின்று கேட்டிருக்கிறார் மனுஷர்.

அதன் பிறகு வரிகள் முழுசாகக் கிடைத்தன. மேப்பின் இடத்தைக் குறிக்கும் எண்ணை மாற்றினாள், சேமித்தாள், விளையாட்டைத் திறந்தாள். மேப் வலது மேல் மூலையில் வந்து உட்கார்ந்திருந்தது. தலையைத் திருப்பாமலே அதைப் பார்த்தாள்.

ஆசை விடுமா? கொஞ்சம் பெரிதாக்கலாமே என்று அளவு வரிக்குப் போனாள். ஒன்று புள்ளி ஐந்து என்று அடிக்க வேண்டியதில் புள்ளியை விட்டுவிட்டாள். திறந்ததும் திரை முழுக்க மேப்தான். சண்டை நடக்கும் இடமே இல்லை, ஓர் ஊரே வரைபடமாகச் சுவரில் மாட்டிய மாதிரி.

"ஐயையோ, என்னங்க, ஊரையே வாங்கிட்டேன்!" என்று கத்தினாள்.

கணவர் கரண்டியோடு ஓடிவந்தார். தம்பி நாற்காலியிலிருந்து சரிந்தான். அக்கா சிரிக்க ஆரம்பித்தாள். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு அவள் சிரித்து அந்த வீடு கேட்டதில்லை. கணவர் கரண்டியை அப்படியே பிடித்தபடி அவளையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"பதறாதீங்க அக்கா, காப்பி இருக்குல்ல?" என்றது போன்.

காப்பி இருந்தது. அதைக் கொண்டுவந்து போட்டு, முதலிலிருந்து ஆரம்பித்தார்கள். இந்தத் தடவை புள்ளியையும் மறக்கவில்லை.

ஆட்டத்தில் அவள் பழைய மாவு ஆகிவிடவில்லை. இடப்பக்கத்திலிருந்து வரும் எதிரி இன்னும் அவளைச் சுட்டுத்தள்ளினான். ஆனால் சில நாள் ஆட்டத்துக்குப் பிறகு அவள் ஒன்றைக் கவனித்தாள். எந்தச் சந்தில் நுழைந்தாலும், எந்த மாடியில் ஏறினாலும், மேப்பில் ஆமையின் புள்ளி அவளுக்கு இடது கைப்பக்கமே இருந்தது. யாரும் சொல்லி வைத்ததல்ல. கேட்டபோது ஆமை பேச்சை மாற்றினாள். "அந்தப் பக்கம் நிழலா இருக்குக்கா" என்றாள்.

தலையைத் திருப்பும் பழக்கம் விளையாட்டில் ஊறி, தெருவுக்கும் வந்தது. நிலைக்கதவுகள் தோளை விட்டுவிட்டன. முதலாளியிடம் போய், அடுப்பு வேண்டாம், அலங்கார மேசை மட்டும் கொடுங்கள் என்று கேட்டாள். கேக்கைச் சுழலும் பலகையில் வைத்துக்கொண்டால் போதும், எந்தப் பக்கத்தையும் தன் வலப்பக்கம் கொண்டுவந்துவிடலாம். முதல் நாள் அவள் முடித்த கேக்கைக் கல்லாப் பெண் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். "ஒரு பாதியும் பாக்கி இல்லக்கா" என்றாள். அக்கா மாவுக் கையோடு அவளைக் கட்டிக்கொண்டாள். நீ அன்னிக்குக் கல்லாவைப் பாத்துட்டு நின்னிருந்தா நான் இங்க நிக்க மாட்டேன் என்று அவள் காதோரம் சொன்னாள்.

விளையாட்டில் பெரிய அப்டேட் ஒன்று வந்து, மேப் திரும்பவும் இடது மூலைக்கே போய்விட்டது. அக்கா யாரையும் கூப்பிடவில்லை. கம்பெனியின் பக்கத்தைத் திறந்து, தொடலாம் என்ற வரிகள் மாறியிருக்கின்றனவா என்று பார்த்தாள். ஒரு வரியின் பெயர் மாறியிருந்தது. புது ஃபைலைக் காப்பி எடுத்து வைத்துவிட்டு, தன் எண்களை ஒவ்வொன்றாக அதில் ஏற்றினாள். டீ ஆறுவதற்குள் வேலை முடிந்தது.

மேப்பை நகர்த்தும் அந்த வழியை அவள் விளையாடுபவர்கள் கூடிப் பேசும் தளத்தில் எழுதிவைத்தாள், தன் கதையையும் ஒளிக்காமல். யாரோ தந்த ஃபைலை அப்படியே போடாதீர்கள் என்பதைத்தான் அழுத்திச் சொன்னாள். சில நாளில் ஒருவர் கேட்டார்: கை நடுங்கும் நோய், மவுஸ் ஓர் இடத்தில் நிற்க மாட்டேன் என்கிறது, ஏதாவது வழி உண்டா? அக்காவும் ஆமையும் அவரோடு போனில் உட்கார்ந்து, அனுமதி இருக்கும் வரி எது என்று தேடி, மவுஸின் வேகத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்துப் பார்த்தார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் அவரிடமிருந்து செய்தி வந்தது. கணவர் சாப்பிட்டுவிட்டுச் செய்தித்தாளோடு சாய்ந்திருந்தார். அக்கா சத்தமாகப் படித்தாள்.

"'நேத்து என் மகளோட ஆடினேன். அவளை நான் சுட்டுட்டேன். ரொம்ப நன்றி.'"

கணவர் செய்தித்தாளை இறக்கினார். "பெத்த மகளைச் சுட்டுட்டு ஒரு மனுஷன் நன்றி சொல்றான். என்ன விளையாட்டோ போ!" என்றார். பிறகு நாற்காலியை இழுத்துக்கொண்டு வந்து, "அந்த மவுஸைக் கொஞ்சம் குடு, எப்படித்தான் ஆடுறதுன்னு பாப்போம்" என்றார்.