எங்கள் ஆத்துக்காரருக்குத் தேஜஸ் வந்த கதை

என் ஆத்துக்காரரை மகானாக்கியது அவருடைய பெருங்குடல்தான். சத்தியமாகச் சொல்கிறேன், வேறு காரணமே கிடையாது.

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டைக்குப் பின்பக்கம் மனை போட்டு விற்றார்களே, அங்கே குடியேறியவர்கள் சேர்ந்து ஒரு சின்னப் பெருமாள் கோயில் கட்டினார்கள். திருவள்ளூரில் மாமனார் காலத்துக்கும் முன்பிருந்தே கோயில் கைங்கரியம் செய்கிற குடும்பம் என்று விசாரித்து, இவரைக் கூட்டிக்கொண்டு வந்து பட்டராக வைத்தார்கள். கோயிலை ஒட்டியே எங்களுக்கு வீடு. கொல்லைப்பக்கத்தில் கழிப்பறை, குளியலறை. "கோயிலுக்கு இத்தனை பக்கத்துலயா?" என்று முதல் நாள் முகம் சுளித்தவள் நான். அப்புறம், பக்கத்தில் இருக்கிறதே என்று அதற்காகவே பெருமாளைச் சேவிக்க ஆரம்பித்தேன்.

இங்கே எல்லாருக்கும் இவர் ஐயர், நான் ஐயரம்மா. "ஐயர் இல்லை, ஐயங்கார்" என்று முதல் வருஷம் முழுக்கத் திருத்திப் பார்த்தேன். "சரிங்க ஐயரம்மா" என்றார்கள். இந்த ஜனங்கள் ஒன்றை நம்பிவிட்டால் பிறகு மாற்றவே முடியாது என்று அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

வியாதி ரத்தத்தில் ஆரம்பித்தது. போகிற இடத்தில் ரத்தம், சளி, வயிற்றைப் பிசைகிற வலி. மூலம் என்றார் ஒருவர். உடம்புச் சூடு என்று ஊரே சொன்னது. நம்மூரில் எதற்குத்தான் சூடு என்று சொல்லமாட்டார்கள்? வெந்தயம் ஊறவைத்தேன், மோர் கடைந்தேன், தலையில் விளக்கெண்ணெய் வைத்தேன். ஊத்துக்கோட்டையில் ஒருத்தர் கொடுத்த லேகியத்தையும் நக்கினார். எதற்கும் அடங்கவில்லை. கடைசியில் சென்னையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனேன். குழாய் விட்டுப் பார்த்துவிட்டு அந்த டாக்டர் பெயர் சொன்னார்: அல்சரேட்டிவ் கோலைடிஸ்.

"பெருங்குடலோட உள்பக்கம் பூரா புண்ணா இருக்கும்மா. உடம்பே தன் குடலை எதிரின்னு நெனச்சு அடிக்குது. அடங்கும், திரும்பக் கிளம்பும். காலைல சாப்பிட்டு மாத்திரை போடணும். நல்லா இருக்குன்னு நிறுத்திடக் கூடாது."

"இவருக்குன்னு எங்கேர்ந்து வந்தது டாக்டர் இப்படி ஒரு அபூர்வ வியாதி?"

அவர் சிரித்தார். "அபூர்வமா? ஒரு காலத்துல வெளிநாட்டுக்காரங்க வியாதின்னு புத்தகத்துல படிச்சோம். இப்ப நம்ம ஊர்லயே நிறையப் பேர். வெளிய உக்காந்திருக்கவங்களக் கேட்டுப் பாருங்க."

கேட்டுப் பார்த்தேன். ஒரு பையன் கேஸ் டிரபிள் என்றான். ஒரு பெண் சும்மா செக்கப்புக்கு வந்தேன் என்றாள். இன்னொருத்தர் சூடு என்றார். எல்லாம் வேலைக்குப் போகிற வயசு. ஏசிக்கு நேர் கீழே நாற்காலிகள் காலியாகக் கிடந்தன. பாத்ரூம் கதவுக்குப் பக்கத்து நாற்காலிகளில் இடமே இல்லை. எனக்குப் புரிந்துவிட்டது. இத்தனை பேருக்கு இருக்கிற ஒரு வியாதிக்கு ஒருத்தருக்குக்கூட வாய் இல்லை என்று எரிச்சலாக வந்தது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த இவரும் அப்படித்தான். "யார்ட்டயும் மூச்சு விடாதே" என்று பஸ் ஏறுமுன்பே சொல்லிவிட்டார்.

மற்றவர்களுக்காவது போய்விட்டு வந்தால் கைகால் அலம்பினால் போதும். பட்டருக்கு அப்படியா? கழிப்பறைக்குப் போனால் மறுபடி தலையோடு தீர்த்தமாடி, ஈர வேஷ்டியோடுதான் பெருமாள் பக்கத்தில் போகலாம். விடியற்காலை விஸ்வரூப தரிசனத்துக்கு முன்னால் ஒரு குளியல். திருமஞ்சனத்துக்கு நடுவில் ஒன்று. அர்ச்சனைக்கு ஜனம் நிற்கும்போது வயிறு புரட்டினால், அர்த்த மண்டபத்தில் திரையை இழுத்துவிட்டு, மடப்பள்ளிப் பக்கவாசல் வழியாக ஓட்டமாக வீட்டுக்கு ஓடிவருவார். போவார், குளிப்பார், ஈரம் சொட்டச் சொட்டத் திரும்ப ஓடுவார். மார்கழிக் குளிரில் பல் கிட்டிப்போகும். திரைக்கு அந்தப் பக்கம் ஜனம் கைகூப்பி நின்றுகொண்டிருக்கும். உள்ளே பெருமாள் மட்டும் தனியாக இருப்பார்.

சாப்பிட்டால் உடனே போகவேண்டியிருக்கிறது என்று இவர் ஒரு கண்டுபிடிப்பு செய்தார். அதனால் உச்சிகால பூஜை முடிகிற வரை பச்சைத் தண்ணீர் வாயில் படாது. சாப்பிடாததால் காலை மாத்திரையும் கிடையாது. "மத்தியானம் போட்டுக்கறேன்" என்பார். மத்தியானம் அசந்து தூங்கிவிடுவார்.

ஜனங்கள் இதையெல்லாம் பார்த்துக்கொண்டுதானே இருந்தார்கள்! "பூஜைக்குப் பூஜை தலை முழுகுறாருப்பா, இன்னா ஆச்சாரம்!" "மத்தியானம் வரிக்கும் உபவாசமாம்." "தெரை போட்டுக்கினு உள்ள பெருமாளாண்ட பேசறாரு." வியாதி முற்றி டாக்டர் ஸ்டீராய்டு கொடுத்தார்; அதை மட்டும் மத்தியானச் சாப்பாட்டோடு நான் பக்கத்தில் நின்று விழுங்க வைத்தேன். முகம் பூசணிக்காய் மாதிரி உப்பிப் பளபளவென்று ஆனது. கோயில் கமிட்டி செயலாளர், இரும்பு ஆலையில் ஃபோர்மேனாக இருந்து ஓய்வு பெற்றவர், என்னிடமே வந்து சொன்னார்: "ஐயரம்மா, சாமி மூஞ்சில இப்பல்லாம் ஒரு தேஜஸ் கீது, கவனிச்சீங்களா?"

கவனிக்காமல் என்ன! தினமும் எழுந்து அந்த மாத்திரை முகத்தில்தானே விழிக்கிறேன்.

மீஞ்சூரிலிருந்தும் ஊத்துக்கோட்டையிலிருந்தும் ஷேர் ஆட்டோ பிடித்து ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். கூட்டம் வருகிறதே என்று கமிட்டி இன்னும் இரண்டு பூஜைகளைக் கூட்டியது. பூஜை கூடக் கூட நிற்கிற நேரம் கூடியது. பட்டினி கூடியது. ரத்தம் கூடியது. அடுத்த தடவை போனபோது டாக்டர் சிரிக்கவில்லை. "காலை மாத்திரையை விட்டுட்டுப் பட்டினியும் கிடந்தா, கடைசியில குடலையே வெட்டி எடுக்கிற மாதிரி ஆயிடும். வெளியில பை வெச்சுக்கிட்டு வாழணும். யோசிச்சுக்கோங்க" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் நான் பிடித்துக்கொண்டேன். "கமிட்டில சொல்லிடுங்கோ. காலைல ஒருத்தரை மாத்தி விடச் சொல்லுங்கோ."

"பட்டருக்கு ரத்தம் போறதுன்னு தெரிஞ்சா உள்ள விடுவாளா? தீட்டும்பா. நாளைக்கே வேற ஆளைப் போட்டுடுவா."

தீட்டு என்ற வார்த்தையைக் கேட்டதும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மாதா மாதம் மூன்று நாள் நான் மடப்பள்ளிப் பக்கமே தலைகாட்டக் கூடாது, பின்கட்டில் உட்கார வேண்டும். இவருக்கு முப்பது நாளும் ரத்தம். "நம்ம ரெண்டு பேர்ல யார் ஒதுங்கி உக்காரணும்?" என்று கேட்டேன். துண்டை எடுத்துக்கொண்டு குளியலறைக்குப் போய்விட்டார். உண்மையாகவே அவசரமா, என் வாய்க்குப் பயந்தா என்று இன்றுவரை தெரியாது.

இப்படி இருக்கும்போதுதான் ஒரு சனிக்கிழமை அந்த அம்மாள் தன் பெண்ணோடு கொல்லைப்பக்கம் வந்தாள். ஒரு தொழிற்சாலை கேன்டீனில் பாத்திரம் கழுவுகிறவள், எனக்குப் பழக்கம். பெண், காருக்கு வயர் கட்டுகிற கம்பெனியில் லைனில் வேலை. பார்த்ததும் திக்கென்றது. காதோரம் எலும்பு தெரிந்தது, நகமெல்லாம் வெளுப்பு.

"சாமியாண்ட ஒரு வார்த்த கேக்கணும் ஐயரம்மா. இதுக்கு வெளிக்கி போற எடத்துல ரத்தமா போவுது. லைன்ல நின்னா மாத்தி விட ஆளு வந்தாத்தான் நவுர முடியும். சூப்பர்வைசரு, 'எப்பப் பாரு பாத்ரூமா, ஊட்லயே இரேன்'னு எல்லார் முன்னாடியும் கேக்குறான். கம்பெனி பஸ்ல ஏற பயந்துக்கினு ரெண்டு கம்பெனி மாறிட்டா. கல்யாணம் வேற பேசி வெச்சுகீது. யார்கிட்ட சொல்றது? ஒரே பேஜாரு."

"டாக்டர்ட்ட காட்டலையா?"

"காட்னோம். ஆயுசுக்கும் மாத்திரன்னான். நெறுத்திட்டேன். இப்ப நம்ம சாமி மாதிரியே மத்தியானம் வரிக்கும் பட்டினி போடச் சொல்லிகீறேன். சாமிக்குப் பாரு, ஒரு நோய் நொடி உண்டா? மூஞ்சி எப்படி ஜொலிக்குது!"

அந்தப் பெண் சுவரைப் பிடித்துக்கொண்டு, கொல்லையில் கழிப்பறை எந்தப் பக்கம் என்று கண்ணாலேயே தேடிக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையை நான் வீட்டிலேயே பார்க்கிறவள் ஆயிற்றே! கதவைக் காட்டி அனுப்பினேன். அவள் வருவதற்குள் உள்ளே போய், அரிசி டின்னுக்குப் பின்னால் ஒளித்து வைத்திருந்த மாத்திரை டப்பாவைக் கொண்டுவந்து அந்த அம்மாள் முன்னால் வைத்தேன்.

"இதுதானே உன் பொண்ணுக்குக் கொடுத்தது?"

அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "ஆமா, இதே கலருதான். உங்களாண்ட எப்டி?"

"சாமியோடது."

அந்த நேரம் பார்த்து மடப்பள்ளிப் பக்கமிருந்து இவர் ஓடிவந்தார். திரை போட்டுவிட்டு வந்திருக்கிறார். எங்களைப் பார்த்தார், டப்பாவைப் பார்த்தார். நிற்க நேரமில்லை. பெண் வெளியே வர, இவர் உள்ளே போனார். போச்சு, இன்றைக்கு இந்த வீட்டில் பூகம்பம்தான் என்று நினைத்தேன். குளித்துவிட்டு ஈர வேஷ்டியோடு வந்து எட்டி நின்றார். என்னைத் திட்டவில்லை. அந்தப் பெண்ணைப் பார்த்துக் கேட்டார்:

"ரத்தம் போறதாம்மா?"

தலையாட்டினாள்.

"சளி மாதிரியும்?"

"ஆமா சாமி."

"போயிட்டு வந்தாலும் இன்னும் இருக்கறாப்பலயே இருக்குமே? வெளியில கெளம்பணும்னாலே பயமா இருக்குமே?"

அவள் ஓவென்று அழுதுவிட்டாள். இப்படி ஒருத்தர் அவளைக் கேட்டதே இல்லை போலிருக்கிறது.

"எனக்கும் அதேதாம்மா" என்றார் இவர். எனக்கும் கண் நிறைந்துவிட்டது. பெற்ற தாயாருக்குக்கூடச் சொல்லாத வார்த்தை. பிறகு என் பக்கம் திரும்பி, "இட்லி இருக்கா?" என்றார்.

"திரை போட்டிருக்கேளே, ஜனம் நிக்கறது..."

"நிக்கட்டும். ரெண்டு தட்டு வை."

கொல்லைப்படியில் ஒரு பக்கம் அவள், ஒரு பக்கம் இவர். உச்சிகாலத்துக்கு முன்னால் இவர் வாயில் ஒரு பருக்கை பட்டு எத்தனையோ காலம் ஆகியிருந்தது. தின்று முடித்து, டப்பாவிலிருந்து எடுத்துத் தன் மாத்திரையை விழுங்கினார். "நான் முழுங்கிட்டேன். ஆத்துக்குப் போனதும் நீயும் முழுங்கு. பட்டினி கிடந்தா இது போகாது. நாளைக்கே மறுபடி டாக்டர்ட்ட போ" என்றார். பிறகு மறுபடி போனார், மறுபடி குளித்தார், மறுபடி ஓடினார். அன்றைக்குத் திரை விலக ரொம்ப நேரமானது.

வேலை போய்விடும் என்றே நினைத்தோம். திருவள்ளூருக்குத் திரும்பி எந்த மைத்துனர் வீட்டில் போய் நிற்பது என்றுகூடப் பேசி வைத்தோம். கொஞ்ச நாளில் அந்தப் பெண்ணுக்கு ரத்தம் நின்றது, முகம் தெளிந்தது. குணமாகாமல் என்ன, மறுபடி மாத்திரை போட்டாள், வேளைக்குச் சாப்பிட்டாள். ஒருநாள் சாயங்காலம் செயலாளர் வந்தார். சட்டையைக் கழற்றி இடுப்பில் கட்டிக்கொண்டு, கைகூப்பி நின்றார்.

"சாமி, அந்தப் பொண்ணு வியாதிய நீங்க வாங்கிக்கினீங்களாமே!"

இவர் பதறிப்போனார். "ஐயோ, அபசாரம்! எனக்கு எத்தனையோ வருஷமா இருக்கு. மாத்திரை சாப்பிட்டுண்டு இருக்கேன்."

செயலாளருக்குக் கண் கலங்கிவிட்டது. என்னைப் பார்த்துச் சொன்னார்: "பாத்தீங்களா ஐயரம்மா? அந்தப் பொண்ணு வரப்போவுதுன்னு முன்னாடியே தெரிஞ்சு வாங்கி வெச்சுகீறாரு!"

எனக்குச் சுவரில் முட்டிக்கொள்ளலாம் போலிருந்தது. வாயைத் திறந்து உண்மையைச் சொன்னால் அதற்கும் ஒரு மாலையா? ஸ்டீராய்டைக் குறைத்ததும் இவர் முகம் வற்றியது. "ஊரு வியாதியெல்லாம் சாமிய உருக்குது" என்றார்கள். மகான் பட்டினி கிடந்தால் கொண்டாடுவார்கள், அவர் வேலைச்சுமை மட்டும் குறையக் கூடாதாம். காலைக்கு இன்னொரு பட்டரைப் போடச் சொல்லிக் கேட்டதற்கு, "சாமி கையால தீர்த்தம் வாங்கத்தான் ஜனம் வருது" என்று அனுப்பிவிட்டார்கள்.

ஆனால் ஒன்று. இப்போதெல்லாம் காலையில் நடுவே திரை விழுந்தால் அதில் பாதி இட்லிக்காக. மாத்திரையும் தவறுவதில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு வந்து நிற்கிறவர்களிடம், தீர்த்தம் கொடுத்த கையோடு, "டாக்டர்ட்ட போனியா? மாத்திரை போட்டியா?" என்று கேட்கிறார். எத்தனை பேர் தலையைக் குனிகிறார்கள் தெரியுமா? லைனில் நிற்கிறவர்கள், லாரி ஓட்டுகிறவர்கள், கைக்குழந்தைக்காரிகள். எல்லாருக்கும் இதுவேதான் என்று சொல்லமாட்டேன். ஆனாலும் அந்த ஆஸ்பத்திரிப் பாத்ரூம் பக்கத்து நாற்காலிகள்தான் எனக்கு ஞாபகம் வருகின்றன.

போன சனிக்கிழமை அந்தப் பெண் வந்தாள். மாப்பிள்ளை வீட்டில் இன்னும் சொல்லவில்லையாம். அதைக் கேட்டதுமே எனக்குக் கோபம்.

"மாத்திரையாவது ஒழுங்கா போடறியா?"

"போடறேன் ஐயரம்மா. சாமி சொன்னாரே."

"ஏண்டி, டாக்டர் முன்னாடியே சொன்னாரே!"

"டாக்டரு சொன்னாருதான்" என்று இழுத்தாள். "சாமியே சொல்லிட்டாரில்ல?"

படித்துப் படித்துச் சொல்ல எனக்குத் தெம்பில்லை. அவள் தட்டில் இன்னொரு இட்லியைப் போட்டேன்.

"யார் பேரைச் சொல்லியாவது முழுங்கித் தொலை" என்றேன்.