சலங்கை வைத்த தப்ஸ்

சங்கரன்கோவில் பள்ளிவாசலில் உங்கள் உம்மாவை நான் நிக்காஹ் செய்த நாள் அது. என் புளியங்குடிக் கூட்டாளிகள் தப்ஸ் என்ற கைக்கொட்டை அடித்துக்கொண்டு வந்தார்கள். வெறும் தோல் கட்டிய தப்ஸ் எங்கள் ஜமாஅத்தில் ஆகும், சலங்கை ஆகாது. அது தெரியாமல் சலங்கை வைத்ததை வாங்கி வந்துவிட்டார்கள்.

நிக்காஹ் ஓத வந்த ஹஜ்ரத் வாசலிலேயே மறித்தார். "ஏலே, நிக்காஹுக்கு வந்தியளா, ஆட வந்தியளா? இந்தச் சத்தம் இருந்தா நான் ஓத மாட்டேன்."

மாமனார் முகத்தைப் பார்த்தேன். பெண் இல்லை என்று சொல்லிவிடுவாரோ என்று பயந்து கழுத்து மாலையை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

கூட்டாளி ஒருவன் சலங்கைகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கினான். கடைசி ஒன்று வரவில்லை. "அழுதிராத மாப்ளே, கடிச்சு எடுக்கேன்" என்று பல்லால் இழுத்தான். வந்துவிட்டது.

ஹஜ்ரத் தப்ஸைக் காதருகே குலுக்கிப் பார்த்துவிட்டு உள்ளே விட்டார். ஆனாலும் எனக்குப் பயம் தெளியவில்லை. சம்மதம் கேட்டபோது நான் சொன்ன "கபூல்" பக்கத்திலிருந்த அவருக்கே கேட்கவில்லை. மறுபடி சொல்லவைத்தார்.