தறி லைனில் ஓடிய தையல் மெஷின்

ஊரில் எனக்கு வாயாடி என்று பெயர். ஆனால் பழுப்புக் கவர் ஒன்றைக் கண்டால் போதும், அந்த வாய் ஒட்டிக்கொள்ளும். கரண்ட் ஆபீஸிலிருந்து பதிவுத் தபால் வந்த அன்று தபால்காரர் நீட்டிய ஒப்புகை அட்டையில் கையெழுத்துப் போட்டுவிட்டு, கவரைப் பிரிக்காமலே அரிசி டிரம்முக்கு அடியில் தள்ளினேன்.

காரணம் இருந்தது. எங்கள் ஷெட்டில் நான்கு விசைத்தறிகள். தறிக்கென்று குறைந்த கட்டணத்தில் தருகிற அந்த லைனில் வேறு எதையும் ஓட்டாதே என்று என் வீட்டுக்காரர் நூறு தடவை சொல்லியிருந்தார். அவர் சேலைகளைக் கொண்டுபோகிற நேரமாகப் பார்த்து, தெருக்காரர்களுக்கு ஜாக்கெட் தைக்கும் என் மெஷினை அதிலேயே மாட்டுவேன். தறியையும் பார்த்துக்கொள்ளலாமே! ஒருநாள் சோதனைக்கு வந்தவர்கள் அதைப் பார்த்து எழுதிக்கொண்டு போனார்கள். அவரிடம் நான் மூச்சுவிடவில்லை.

அந்தக் கவர் வந்து கொஞ்ச நாளில், வேறு உபயோகம் இருந்ததாகச் சொல்லி, இணைப்பைக் கடைக் கட்டணத்துக்கு மாற்றி உத்தரவு வந்தது. அந்தக் கட்டணத்தில் தறி ஓட்டிக் கட்டுபடியாகாது. மூட வேண்டியதுதான்.

"பச்சப் பொய்யி! நம்மள ஒரு வார்த்த கேக்காம எப்படி மாத்துதான்?" என்று அவர் மதுரைக்குப் போய் வக்கீல் பிடித்தார். இணைப்பு என் பெயரில். நோட்டீஸே வரவில்லை என்று எழுதிய மனுவின் அடியில் நான்தான் கையெழுத்துப் போட்டேன்.

கோர்ட்டில் எல்லாம் இங்கிலீஷில் நடந்தது. எனக்குப் புரிந்தது ஒன்றே ஒன்று, எதிர் வக்கீல் தூக்கிக் காட்டிய அந்த ஒப்புகை அட்டை. அதில் என் கோணல் கையெழுத்து. பொய் மனுவில் கையெழுத்துப் போட்டதற்கு என்னை ஜெயிலில் போடப்போகிறார்கள் என்றே நினைத்தேன். நீதிபதி தமிழில், "மனுதாரர் வந்திருக்காங்களா? இது உங்க கையெழுத்தா?" என்றார்.

"என்னுதுதான் ஐயா. கவரு வந்துச்சு. பயத்துல பிரிக்கல. வக்கீல் ஐயாவுக்கும் தெரியாது, எங்க வீட்டுக்காரருக்கும் தெரியாது."

நீதிபதி கடுமையாகக் கண்டித்தார். பிறகு நோட்டீஸ் நகலை வாங்கிப் புரட்டினார். நாங்கள் விளக்கம் சொல்ல வரவேண்டிய நாளுக்கு முன்பே ஆபீஸில் உத்தரவு போட்டிருக்கிறார்கள். அதனால் உத்தரவு ரத்து, எங்களைக் கூப்பிட்டுக் கேட்டு மறுபடி முடிவெடுக்க வேண்டும் என்று வக்கீல் வெளியே வந்து விளக்கினார்.

பஸ்ஸில் ஸ்ரீவில்லிபுத்தூர் தாண்டுகிறவரை என் வீட்டுக்காரர் சந்தோஷமாகத்தான் இருந்தார். "கூப்பிட்டுக் கேக்கட்டும். தறியத் தவிர எதுவும் ஓடலன்னு தைரியமாச் சொல்லுவோம். ஆமா, ஒரு கவரப் பிரிக்க உனக்கு என்னட்டி அவ்ளோ பயம்?"

சொன்னேன். மெஷின், லைன், சோதனை, எல்லாவற்றையும்.

அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தித் தொலைத்திருப்பேன். "அப்ப அவங்க போட்டது சரிதானட்டி" என்றார்.

சங்கரன்கோவிலில் இறங்கும்போது, "அங்கன ஆபீஸ்ல கேட்டா என்ன சொல்லப் போற?" என்றார். உள்ளதைச் சொன்னால் நான்கு தறியும் நிற்கும். இல்லாததைச் சொன்னால் இன்னொரு கையெழுத்துப் போட வேண்டும்.

"நீங்களும் கூட வாங்க. பயமாருக்கு" என்றேன்.