யாரும் பேசாத ஒரு நிமிடம்

திருப்பதியில் ஒரு லாட்ஜின் கழிவுநீர்த் தொட்டிக்குள் இறங்கிய என் வீட்டுக்காரர் மூச்சு முட்டிச் செத்துப்போனார். மாரடைப்பு என்று சொல்லச் சொன்னார் காண்ட்ராக்டர். அவரிடம்தான் நானும் கூட்டுகிற வேலை பார்த்தேன். ஏழாவதோடு நின்றவளுக்கு வேறு யார் வேலை கொடுப்பார்கள்? அதனால், எங்களைப் பற்றிப் படமெடுக்க வந்த சென்னைப் பெண்ணிடமும் மாரடைப்பு என்றே சொன்னேன்.

பேட்டி முடிந்ததும் அவள், "ஒரு நிமிஷம் யாரும் பேசாதீங்க. இந்த வீட்டோட அமைதியத் தனியா பதிவு பண்ணணும்" என்றாள்.

"பேசாம கீறத கூடவா புடிப்பீங்க?" என்று சிரித்தார் முனுசாமி அண்ணன். என் வீட்டுக்காரரோடு தொட்டி வேலைக்குப் போனவர் அவர்.

எல்லோரும் அசையாமல் நின்றோம். ஃபேன் மட்டும் கடகடத்தது. என் வீட்டுக்காரர் போனதிலிருந்து அவருக்காக யாரும் இப்படி நின்றதில்லை.

திடீரென்று அண்ணன் உடைந்து அழுதார். "கவுறு என் கையிலதாம்மா இருந்திச்சி. இஸ்துகினே இருந்தேன், வரல."

பதிவு கெட்டுவிட்டதே என்று பதறிப்போய் அந்தப் பெண்ணைப் பார்த்தேன். அவள் மைக்கை நிறுத்தவில்லை.

"மாரடைப்பு இல்லம்மா" என்றேன். காண்ட்ராக்டரின் பெயரையும் சொன்னேன்.

வேலை போய்விட்டது. இப்போதும் வாசலில் பைக் நின்றால், காண்ட்ராக்டரின் ஆளோ என்று எனக்கு நெஞ்சு அடித்துக்கொள்கிறது. என் வீட்டுக்காரருக்கு நெஞ்சில் ஒரு கோளாறும் இருந்ததில்லை.