டாக்டரையா கொடுத்த மெடிக்கல்

எனக்கு வயது அறுபத்தெட்டு. ஏழு பெற்று ஐந்தை ஆளாக்கியவள். கடைசி மகன் ராஜுதான் நிவித்திகலைப் பக்கம் எங்கள் தேயிலைத் தோட்டத்திலிருந்து பல்கலைக்கழகம் போன முதல் பிள்ளை.

முதல் வருடப் பரீட்சைக்கு முன் வீட்டுக்கு வந்தவன் டைபாய்டு என்கிற நெருப்புக்காய்ச்சலில் விழுந்தான். பரீட்சைக்குப் போக முடியவில்லை. தோட்டத்து ஆஸ்பத்திரி டாக்டரையாவிடம், நோயென்று எழுதிய மெடிக்கல் துண்டு வாங்கி அனுப்பினோம். அந்தத் துண்டைக் கண்டால் தோட்டத்தை நடத்துகிற துரையே லீவு கொடுப்பார்.

பல்கலைக்கழகம் ஏற்கவில்லை. அவர் மருத்துவ சபையில் பதிந்த டாக்டர் இல்லையாம், தோட்டத்து மருந்து உதவியாளர்தானாம். பரீட்சையில் தவறியவன் என்று சொல்லி, இரண்டாம் வருடத்துக்கு ஏற்றாமல் நிறுத்திவிட்டார்கள்.

டாக்டரையாவிடமே போய்க் கேட்டேன்: "நீங்க டாக்டர் இல்லையாமுங்களே?"

"நான் எப்ப டாக்டர் எண்டு சொன்னனான்? நீங்கள்தானே அப்பிடிக் கூப்பிட்டனீங்கள்" என்றார் அந்த யாழ்ப்பாணத்து மனுசன்.

கொழும்பில் வழக்குப் போட்டோம். காய்ச்சல் உண்மைதான், ஆனால் பல்கலைக்கழக விதியை மாற்ற முடியாது என்று தீர்ப்பாயிற்று. மகன் இன்று பெல்மதுளைக் கடையொன்றில் பருப்பு நிறுக்கிறான்.

இப்போது வீட்டில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் இரத்தினபுரி பெரியாஸ்பத்திரிக்குத்தான் பஸ் ஏறுகிறேன். "நீங்க பதிஞ்ச டாக்டருங்களா?" என்று கேட்டுத்தான் நாடியைப் பார்க்க விடுகிறேன். சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்.

பேத்தி செல்வி, நான் எழுதினது சரியான்னு சத்தமா வாசிச்சுக் காட்டு தாயி. கோர்ட்டு சொன்னதைக் கூட்டாம குறைக்காம வாசி.